பத்தாவது முடித்து நேரே பி.ஏ. படித்தவர் சட்டக் கல்லூரியில் சேரலாமா?

கேள்வி கேட்டவர் திண்டுக்கல் பக்கம் உரக்கடை வைத்திருக்கிறார். வயது 41. பத்தாவது தேறியதும் வீட்டு நிலைமையால் படிப்பு நின்றுவிட்டது. பல ஆண்டுகள் கழித்து, பிளஸ் டூ படிக்காமலே ஒரு திறந்தநிலைப் பல்கலைக்கழகத்தில் சேர்ந்து பி.ஏ. வரலாறு முடித்தார். 52 சதவீதம். மகள் இந்த ஆண்டு பிளஸ் டூ, வணிகவியல் பிரிவு, 600க்கு 426. இரண்டு பேருக்கும் சட்டம் படிக்க ஆசை. அப்பாவுக்கு மூன்றாண்டுப் படிப்பு, மகளுக்கு ஐந்தாண்டுப் படிப்பு. "எங்கள் இருவருக்கும் தகுதி இருக்கிறதா? என் வயது தடையாகுமா?" என்று கேட்கிறார்.

மகளுக்குத் தகுதி உண்டு. உங்களுக்கு, இன்று கையில் இருக்கும் சான்றிதழ்களை வைத்துப் பார்த்தால், இல்லை. அதற்குக் காரணம் வயதும் அல்ல, மதிப்பெண்ணும் அல்ல. வழி இருக்கிறது, ஆனால் நீங்கள் நினைத்திருக்கும் வழி அல்ல. மதுரையில் வக்கீல் தொழில் பார்க்கிறேன். ஒவ்வொரு மே, ஜூன் மாதமும் உங்களைப் போல ஐந்தாறு பேராவது சான்றிதழ்களைத் தூக்கிக்கொண்டு வருவார்கள். அவர்களிடம் சொல்வதை உங்களுக்கும் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

முதலில், தகுதியை முடிவு செய்வது யார்? கல்லூரி என்றுதான் எல்லோரும் நினைக்கிறார்கள். உண்மையில் உங்கள் சான்றிதழ்களைப் பார்க்கிறவர்கள் மூன்று பேர். வக்கீல் தொழிலையும் சட்டப் படிப்பின் தரத்தையும் கவனிக்கும் இந்தியப் பார் கவுன்சில் நாடு முழுவதற்கும் ஒரு அடிமட்டக் கோட்டைப் போட்டிருக்கிறது. 1961ஆம் ஆண்டு வழக்கறிஞர்கள் சட்டம் கொடுத்த அதிகாரத்தில் வந்த 2008ஆம் ஆண்டுச் சட்டக் கல்வி விதிகள் அவை. அதற்கு மேல் பல்கலைக்கழகம் தன் கோட்டைப் போடும். அது உயர்ந்திருக்கலாம், தாழக் கூடாது. மூன்றாவது ஆள் வருவது படிப்பெல்லாம் முடிந்த பிறகு: வக்கீலாகப் பதிவு செய்யப் போகும்போது மாநிலப் பார் கவுன்சில் உங்கள் பத்தாவது மதிப்பெண் பட்டியலிலிருந்து எல்லாவற்றையும் திரும்ப எடுத்துப் பார்க்கும். பலர் சறுக்குவது அந்த மூன்றாவது இடத்தில்தான். கல்லூரி சேர்த்துக்கொண்டது, கட்டணம் வாங்கியது, தேர்வு எழுத விட்டது என்பதெல்லாம் அங்கே சான்று ஆகாது. ஆகவே யார் தகுதி கேட்டாலும் நான் கல்லூரி வாசலில் நின்று பதில் சொல்வதில்லை, பதிவு நாளில் நின்றுகொண்டு பின்னோக்கிப் பார்த்துச் சொல்வேன்.

சரி, மகள் விஷயம் சுலபம், அதை முடித்துவிடுவோம்.

ஐந்தாண்டு ஒருங்கிணைந்த படிப்புக்குப் பார் கவுன்சில் கேட்பது பிளஸ் டூ அல்லது அதற்கு இணையான தேர்ச்சி. எந்தப் பிரிவு என்ற கேள்வியே இல்லை. கணிதம், உயிரியல், வணிகவியல், கலை எதுவானாலும் சரி. தமிழ்வழியில் படித்ததும் தடை இல்லை. குறைந்தபட்ச மதிப்பெண் பொதுப்பிரிவுக்கு 45 சதவீதம், இதர பிற்படுத்தப்பட்டோருக்கு 42, பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு 40. 600க்குக் கணக்குப் போட்டால் 270, 252, 240. உங்கள் மகள் 426 வாங்கியிருக்கிறாள். 71 சதவீதம்.

இந்த 71 முக்கியமான எண். தமிழ்நாடு டாக்டர் அம்பேத்கர் சட்டப் பல்கலைக்கழகம் தன் சொந்த வளாகமான சீர்மிகு சட்டப் பள்ளியில் நடத்தும் ஐந்தாண்டு ஆனர்ஸ் படிப்புகளுக்கு 70 சதவீதம் கேட்கிறது. பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு 60. பி.ஏ., பி.காம்., பி.பி.ஏ., பி.சி.ஏ. ஆகியவற்றோடு எல்.எல்.பி. சேர்ந்து வரும் படிப்புகள் அவை. உங்கள் மகள் ஆறு மதிப்பெண் மிச்சத்தில் அந்தக் கோட்டைத் தாண்டியிருக்கிறாள். சந்தோஷப்படலாம், ஆனால் அதை இடம் என்று எண்ணிவிட வேண்டாம். இங்கே நுழைவுத் தேர்வு கிடையாது. பிளஸ் டூ மதிப்பெண்ணை வைத்துத் தரவரிசை, அதன்மேல் 69 சதவீத இடஒதுக்கீடு, கடைசியில் கட்-ஆஃப். 70 என்பது விண்ணப்பம் போடும் தகுதி மட்டுமே. கட்-ஆஃப் அதைவிட வெகு தூரத்தில் நிற்கும். வணிகவியல் படித்த பிள்ளைகள் எல்லோரும் பி.காம்., எல்.எல்.பி. ஆனர்ஸையே முதலில் குறிப்பதால் அங்கே நெரிசல் இன்னும் அதிகம்.

அதனால் அரசு சட்டக் கல்லூரிகளையும் சேர்த்துப் பாருங்கள். மதுரை, திருச்சி, கோவை, திருநெல்வேலி, செங்கல்பட்டு, வேலூர் என்று பல ஊர்களில் இருக்கின்றன. பக்கத்தில் தேனியிலும் ஒன்று வந்துவிட்டது. சென்னையில் உயர் நீதிமன்ற வளாகத்தில் இருந்த பழைய சட்டக் கல்லூரி இப்போது அங்கே இல்லை. 2018இல் புதுப்பாக்கத்துக்கும் பட்டரைப்பெரும்புதூருக்குமாகப் பிரிந்து போய்விட்டது. 'சென்னைக் கல்லூரி' என்று குறித்துவிட்டு, பிறகு திருவள்ளூர் பக்கம் விடுதி தேடிய பிள்ளைகளைப் பார்த்திருக்கிறேன். இந்தக் கல்லூரிகளின் ஐந்தாண்டு பி.ஏ., எல்.எல்.பி.க்குத் தகுதிக் கோடு பார் கவுன்சில் சொல்லும் 45ஐ ஒட்டியதுதான். கட்-ஆஃப் ஊருக்கு ஊர் மாறும். திண்டுக்கல்லிலிருந்து பார்த்தால் மதுரையும் தேனியும் கைக்கெட்டும் தூரம்.

தேசிய சட்டப் பல்கலைக்கழகங்கள் தனி வழி. நம் மாநிலத்தில் திருச்சி அருகே நவலூர்குட்டப்பட்டில் ஒன்று இருக்கிறது. அங்கே பிளஸ் டூ மதிப்பெண் 45 சதவீதம் இருந்தால் போதும், அதற்கு மேல் 90 எடுத்தாலும் கூடுதல் பயன் இல்லை. எல்லாம் கிளாட் என்கிற தேசிய அளவிலான பொது நுழைவுத் தேர்வின் மதிப்பெண்தான். அந்தத் தேர்வு இப்போது டிசம்பரிலேயே நடந்துவிடுகிறது. பிளஸ் டூ முடிவு வந்த பிறகு கிளாட்டைப் பற்றி விசாரிக்கிறவர்கள் ரயில் போன பிறகு பிளாட்பாரம் டிக்கெட் வாங்குகிறவர்கள். இந்த ஆண்டு எழுதியிருக்காவிட்டால் உங்கள் மகளுக்கு அந்தக் கதவு அடுத்த ஆண்டுச் சேர்க்கைக்குத்தான் திறக்கும். ஒரு வருஷம் வீட்டில் உட்கார்ந்து தயார் செய்யலாமா என்று கேட்டால், அரசு கல்லூரியில் இடம் கிடைத்தால் சேர்ந்துவிடுவதே நல்லது என்பேன். இது என் அபிப்பிராயம், மகளின் விருப்பத்தையும் கேளுங்கள்.

மதிப்பெண் பற்றி ஒரு விஷயம், கோட்டுக்குப் பக்கத்தில் நிற்கிறவர்களுக்காக. 44.9 இருந்தால் 45 ஆக்கிக்கொள்ள மாட்டார்களா என்று கேட்பவர்கள் உண்டு. ஆக்க மாட்டார்கள். ஒடிசாவில் நீதிபதி பணித் தேர்வு எழுதிய ஒருவர் 45 சதவீதம் வேண்டிய இடத்தில் 44.93 எடுத்தார். வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. விதியில் முழுமையாக்கச் சொல்லி இல்லாதபோது முழுமையாக்க முடியாது என்று 2011இல் தீர்ப்பு வந்தது. அது வேலைக்கான தேர்வு, இது படிப்பு என்றாலும் கல்லூரிகள் எடுத்துக் காட்டுவது அந்தத் தீர்ப்பைத்தான். எந்தெந்தப் பாடங்களைச் சேர்த்துச் சதவீதம் போடுகிறார்கள் என்பதை அந்த ஆண்டுத் தகவல் கையேட்டில் பார்த்துவிட்டு, கால்குலேட்டரில் நீங்களே ஒரு முறை போட்டுப் பாருங்கள்.

இனி உங்கள் விஷயம்.

மூன்றாண்டு எல்.எல்.பி. (நம் ஊரில் இன்னும் பி.எல். என்றுதான் சொல்கிறோம்) படிக்க ஏதாவது ஒரு பட்டம் வேண்டும். எந்தப் பாடமானாலும் சரி. பொறியியல், மருத்துவம், தமிழ் இலக்கியம் எதுவும் ஆகும். மதிப்பெண் அதே 45, 42, 40. சீர்மிகு சட்டப் பள்ளியின் மூன்றாண்டு ஆனர்ஸ் என்றால் 60, பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு 55. உங்கள் 52 அரசு கல்லூரிக்குப் போதும். அஞ்சல் வழியில் படித்த பட்டமா என்பதும் பிரச்சினை இல்லை. தொலைநிலைக் கல்வியில் பெற்ற பிளஸ் டூவும் பட்டமும் ஏற்கப்படும் என்று விதி 5 தெளிவாகவே சொல்கிறது.

பிறகு எங்கே இடிக்கிறது? அந்த விதிக்குக் கீழே ஒரு விளக்கம் இருக்கிறது. அடிப்படைத் தகுதி எதுவும் இல்லாமல், திறந்தநிலை முறையில் நேரடியாகப் பெற்ற பிளஸ் டூவோ பட்டமோ முதுகலையோ சட்டப் படிப்புக்குத் தகுதி ஆகாது என்கிறது அது. பத்தாவது, அப்புறம் பிளஸ் டூ, அப்புறம் பட்டம் என்று படிப்படியாக வந்திருக்க வேண்டும். 10+2+3 என்று சொல்வது இதைத்தான். 'தொலைநிலைக் கல்வி செல்லும்' என்ற வரியைப் படித்துவிட்டு அடுத்த வரியைப் படிக்காமல் விடுகிறவர்கள் ஏராளம். தொலைநிலை வேறு, திறந்தநிலையில் நேரடிச் சேர்க்கை வேறு. பிளஸ் டூ முடித்துவிட்டு அதே திறந்தநிலைப் பல்கலைக்கழகத்தில் நீங்கள் பி.ஏ. படித்திருந்தால் ஒரு சிக்கலும் இருந்திருக்காது. பட்டம் தந்த பல்கலைக்கழகத்தில் குறை இல்லை, நீங்கள் ஏறிய படிக்கட்டில் ஒரு படி இல்லை, அவ்வளவுதான்.

அரசு வேலையிலும் இதே கதைதான். பிளஸ் டூ இல்லாமல் திறந்தநிலையில் வாங்கிய பட்டம் அரசுப் பணிக்குச் செல்லாது என்று 2009இல் தமிழ்நாடு அரசு ஆணை போட்டது. அதே ஆண்டு அண்ணாமலைப் பல்கலைக்கழக வழக்கில் உச்ச நீதிமன்றமும், இளங்கலை இல்லாமல் திறந்தநிலையில் நேரடியாக வாங்கிய முதுகலையை ஏற்கவில்லை.

நியாயமா என்று கேட்டால், எனக்கு மனம் ஒப்பவில்லை. பதினைந்து வயதில் வேலைக்குப் போக வேண்டி வந்தவனுக்குத்தான் திறந்தநிலைக் கல்வி என்ற ஏற்பாடே வந்தது. அவனைப் பட்டம் வாங்க விட்டுவிட்டு, 'இது இங்கே செல்லாது' என்று சொல்வது ஒரே தப்புக்கு இரண்டு தடவை அபராதம் போடுவது போல. ஆனால் நான் நியாயம் என்று நினைப்பதை வைத்து உங்களைக் கட்டணம் கட்டச் சொல்ல முடியாது.

சில ஆண்டுகளுக்கு முன் ஒருவர் வந்தார், லாரி புக்கிங் ஆபீஸில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தவர். மாவட்ட நீதிமன்றத்துக்கு எதிரே இருக்கும் ஜெராக்ஸ் கடையில் நின்றுகொண்டு, மஞ்சள் பையிலிருந்து ஒவ்வொரு சான்றிதழாக எடுத்துக் கண்ணாடி மேசைமேல் வைத்தார். பத்தாவது 1999. பக்கத்தில் பி.ஏ. 2007. அதற்குப் பக்கத்தில் எல்.எல்.பி., வெளிமாநிலத்தில் ஒரு கல்லூரி. பத்தாவதுக்கும் பி.ஏ.வுக்கும் நடுவில் ஒரு தாள் வைக்கும் அளவுக்கு இடம் காலியாக இருந்தது. அவரே இரண்டையும் கொஞ்சம் நெருக்கி வைத்தார், கை தானாகப் போயிற்று போல. வக்கீலாகப் பதிவு செய்ய விண்ணப்பித்து, கோப்பு அந்த இடைவெளியில் நின்றுபோயிருந்தது. சேர்த்துக்கொண்ட கல்லூரிக்குப் போன் போட்டால், "நாங்கள் பட்டம் கொடுத்துவிட்டோம், பதிவு எங்கள் வேலை இல்லை" என்றார்களாம். மூன்று வருடக் கட்டணம் போயிற்று, அதைவிட, வீட்டுக்கு வெளியே 'வழக்கறிஞர்' என்று போர்டு எழுதி வைத்திருந்தார். அதைப் பரணில் போட்டுவிட்டதாகச் சொன்னார்.

இது அபூர்வமான கதை அல்ல. வகுப்பே நடக்காமல் பட்டம் மட்டும் தருகிற கல்லூரிகளுக்கு நம் நீதிமன்ற வட்டாரத்தில் 'லெட்டர்பேட் காலேஜ்' என்று பெயர். "உங்களுக்கு பிளஸ் டூ வேண்டாம் சார், நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்" என்று யாராவது புரோக்கர் சொன்னால் அந்த நிமிஷமே போனை வைத்துவிடுங்கள். அவர் பார்த்துக்கொள்வது சேர்க்கை வரைக்கும்தான்.

உங்களுக்கு என்ன வழி? இப்போது பிளஸ் டூ எழுதித் தேறுங்கள். பத்தாவது கையில் இருக்கிறது, அது போதும். மாநிலப் பாடத்திட்டத்தில் தனித்தேர்வராக எழுதலாம், அல்லது தேசிய திறந்தநிலைப் பள்ளியில் சேரலாம். பெயரில் 'திறந்தநிலை' என்று இருப்பதைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். அது மத்திய அரசின் கல்வி வாரியம். பத்தாவது தேறியவரை மட்டுமே பிளஸ் டூவில் சேர்ப்பதால், விதி சொல்லும் அடிப்படைத் தகுதி அங்கே இருக்கிறது. ஐந்து பாடங்கள், ஆண்டுக்கு இரண்டு முறை பொதுத்தேர்வு. கடைக்காரருக்கு அது தோதாக இருக்கும்.

இந்த இடத்தில் எல்லோரும் ஒரு குறுக்குக் கணக்குப் போடுவார்கள். "பிளஸ் டூ வாங்கிவிட்டால் என் பழைய பி.ஏ.வோடு சேர்த்து 10+2+3 ஆகிவிடாதா?" ஆகாது என்றே எடுத்துக்கொள்ளுங்கள். எண்ணிக்கை சரியாக இருந்தாலும் வரிசை தப்பு. பி.ஏ.வில் சேர்ந்த நாளில் அடிப்படைத் தகுதி இருந்ததா என்பதுதான் கேள்வி, பின்னால் வாங்கிய பிளஸ் டூ முன்னால் போய் உட்காராது. பழைய பி.ஏ.வைச் சட்டப் படிப்புக்கான கணக்கிலிருந்து எடுத்துவிடுங்கள். படித்த வரலாறு எங்கும் போகாது.

புதிய பிளஸ் டூவோடு உங்களுக்கு இரண்டு பாதை திறக்கும். ஒன்று, மகளைப் போலவே ஐந்தாண்டுப் படிப்பில் சேர்வது. அதற்குப் பட்டமே தேவையில்லை. இன்னொன்று, தொலைநிலையில் மறுபடி ஒரு இளங்கலை முடித்து, அப்புறம் மூன்றாண்டு எல்.எல்.பி. முதல் பாதை ஐந்து வருடம், இரண்டாவது ஆறு வருடம். எல்லோரும் முதலாவதுக்குத்தான் கை நீட்டுவார்கள். உங்கள் நிலைமையில் நான் இரண்டாவதைச் சொல்வேன். சட்டப் படிப்பு என்றால் தினமும் வகுப்பு. ஐந்தாண்டுப் படிப்பில் ஐந்து வருடமும் கடையை யாரிடமாவது விட வேண்டும். இரண்டாவது பாதையில் முதல் மூன்று வருடம் கல்லாவில் உட்கார்ந்தே படிக்கலாம், கடைசி மூன்று வருடம்தான் கல்லூரி. ஒரு வருடம் கூடுதல், ஆனால் கடைக்கு இரண்டு வருடம் லாபம். அதோடு, அரசு கல்லூரி ஐந்தாண்டு இடத்துக்கு நீங்கள் இந்த வருடத்துப் பதினெட்டு வயதுப் பிள்ளைகளோடு பிளஸ் டூ மதிப்பெண்ணில் மோத வேண்டும். மூன்றாண்டுக்குப் போட்டி வேறு மாதிரி, அங்கே உங்கள் வயதுக்காரர்கள் நிறையப் பேர் இருப்பார்கள்.

இரண்டாவது பாதையில் போனால் இரண்டு இடத்தில் கவனம். பி.ஏ. சேர்க்கைத் தேதி பிளஸ் டூ தேர்ச்சிக்குப் பிறகு வர வேண்டும். "முடிவு வரும் முன்பே சேர்ந்துவிடுங்கள், பிறகு சான்றிதழ் கொடுக்கலாம்" என்று படிப்பு மையத்தில் யாராவது சொன்னால் கேட்காதீர்கள். ஒரு மாத அவசரம் மறுபடி அதே பள்ளத்தில் தள்ளும். இன்னொன்று, நீங்கள் சேரும் ஆண்டில் அந்தப் பல்கலைக்கழகத்துக்கு அந்தப் படிப்பைத் தொலைநிலையில் நடத்தப் பல்கலைக்கழக மானியக் குழுவின் அனுமதி இருக்கிறதா என்று பட்டியலைப் பார்த்து, அந்தப் பக்கத்தை அச்செடுத்து வைத்துக்கொள்ளுங்கள். ஆறு வருடம் கழித்து அந்தத் தாள் உதவும்.

ஏற்கெனவே பட்டம் இருப்பதால் ஐந்தாண்டுப் படிப்பின் நடு வருடத்தில் சேர முடியுமா என்றும் சிலர் கேட்பார்கள். முடியாது. பட்டத்தைக் காட்டி இடையில் நுழைவதையும், பி.ஏ. பகுதியை மட்டும் முடித்துப் பட்டத்தோடு வெளியே போவதையும் விதி 13 தடுக்கிறது. அதே போல, பிளஸ் டூ முடித்து மூன்றே வருடத்தில் சட்டப் பட்டம் என்று எதுவும் கிடையாது. அப்படி ஒரு படிப்பு வேண்டும் என்று போட்ட பொதுநல மனுவை 2024இல் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை.

வயதைக் கேட்டீர்கள். 2008 விதிகளில் வயது வரம்பு இருந்தது: ஐந்தாண்டுக்கு 20, மூன்றாண்டுக்கு 30, ஒடுக்கப்பட்ட, பிற்படுத்தப்பட்ட பிரிவினருக்குச் சில ஆண்டுகள் சலுகை. நீதிமன்றங்களில் அதை எதிர்த்து வழக்குகள் வந்தன. பார் கவுன்சில் 2013இல் திரும்பப் பெற்றது, 2016இல் மறுபடி கொண்டுவந்தது, 2017 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அதற்குத் தடை விதித்தது. கிளாட் தேர்வுக்கும் உச்ச வயது கிடையாது. ஆகவே 41 உங்களைத் தடுக்கவில்லை, 45உம் தடுக்காது. இருந்தாலும் இது நீதிமன்றத் தடையில் நிற்கிற விஷயம் என்பதால், விண்ணப்பிக்கும் ஆண்டு அறிவிப்பில் வயது பற்றிய வரியை ஒரு முறை படித்துவிடுங்கள்.

வகுப்பைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் இதையும் தகுதியில் சேர்த்தே நான் பார்க்கிறேன். அஞ்சல் வழி எல்.எல்.பி. செல்லாது. எங்காவது விளம்பரம் வந்தால் அது வக்கீல் ஆவதற்கான பட்டம் அல்ல. முன்பு பி.ஜி.எல். என்று ஒரு படிப்பு அஞ்சல் வழியில் இருந்தது, வங்கி, அரசு அலுவலகங்களில் இருந்தவர்கள் நிறையப் பேர் படித்தார்கள். அதுவும் சட்ட அறிவுக்கான படிப்புதானே தவிர, அதை வைத்து வக்கீலின் கறுப்புக் கோட்டுப் போட முடியாது. எல்.எல்.பி. என்றால் நேரடி வகுப்பு, ஒவ்வொரு பாடத்திலும் 70 சதவீத வருகை என்பது விதி. காலை 8 மணிக்கும் மாலை 7 மணிக்கும் இடையில்தான் வகுப்பு நடக்கலாம், இரவுக் கல்லூரி கிடையாது. 2024 செப்டம்பரில் பார் கவுன்சில் போட்ட சுற்றறிக்கை பயோமெட்ரிக் வருகைப் பதிவு, படிக்கும்போது வேலையில் இருந்தீர்களா, வேறு படிப்பு படித்தீர்களா, குற்ற வழக்கு உண்டா என்ற உறுதிமொழி எல்லாவற்றையும் கேட்கிறது. மகளுக்கும் இது பொருந்தும். 2022 முதல் ஒரே நேரத்தில் இரண்டு பட்டம் படிக்கலாம் என்று மானியக் குழு சொன்னதை வைத்து, எல்.எல்.பி.யோடு இன்னொரு முழுநேரப் படிப்பில் சேர்ந்துவிட வேண்டாம். சட்டப் படிப்புக்கு விதி 6 அதைத் தடுக்கிறது. மொழி, கணினி போன்ற குறுகிய காலச் சான்றிதழ்ப் படிப்புகள் பரவாயில்லை.

இதே கேள்வியோடு பத்தாவதுக்குப் பிறகு பாலிடெக்னிக் டிப்ளமோ முடித்து, அப்புறம் பட்டம் வாங்கியவர்களும் வருவார்கள். விதியில் 'பிளஸ் டூ அல்லது அதற்கு இணையானது' என்று இருப்பதால், டிப்ளமோவை இணை என்று யார், எந்த ஆணையில் சொன்னார்கள் என்பதே அவர்களுக்குக் கேள்வி. வாய்மொழி உறுதி வேண்டாம். பல்கலைக்கழகத்திலும் மாநிலப் பார் கவுன்சிலிலும் எழுத்தில் கேட்டு, எழுத்தில் பதில் வாங்கிய பிறகே கட்டணம் கட்ட வேண்டும்.

இப்போதைக்கு மகளின் விண்ணப்பம்தான் அவசரம். ஐந்தாண்டுப் படிப்புக்கான அறிவிப்பு பிளஸ் டூ முடிவை ஒட்டி வந்துவிடும், ஆனர்ஸுக்கு ஒன்று, அரசு சட்டக் கல்லூரிகள் அடங்கிய இணைப்புக் கல்லூரிகளுக்கு ஒன்று என்று தனித்தனியாகப் பார்த்து இரண்டுக்கும் போடுங்கள். சாதிச் சான்றிதழில் அவள் பெயரும் மதிப்பெண் பட்டியலில் உள்ள பெயரும் இன்ஷியல் உட்பட ஒத்துப்போகிறதா என்று இன்றைக்கே பாருங்கள். இல்லையென்றால் நாளைக் காலை தாலுகா அலுவலகம் போங்கள். விண்ணப்பக் கடைசி வாரத்தில் அங்கே நிற்க இடம் இருக்காது. உங்கள் பத்தாவது மதிப்பெண் பட்டியலையும் அப்படியே எடுத்து வெளியே வையுங்கள். பிளஸ் டூ விண்ணப்பத்துக்கு முதலில் கேட்பது அதைத்தான். லேமினேட் செய்திருந்தால் பிரித்துக் கிழிக்க வேண்டாம், அப்படியே கொண்டுபோகலாம்.